ஜன்னல் யார் அளவுக்கு வெட்டப்பட்டது?

சிரிப்புக்கு நிறம் கிடையாது, சாதி கிடையாது, மொழி கிடையாது என்று ஒரு பேச்சு ரொம்ப நாளாக ஓடிக்கொண்டிருக்கிறது. பேசாப்படக் காமெடியைப் பற்றி எழுத வருகிறவர்களில் பாதிப் பேர் முதல் பத்தியிலேயே இதைச் சொல்லிவிடுகிறார்கள். ஒருத்தன் வாழைப்பழத் தோலில் வழுக்கி விழுந்தால் உலகமே சிரிக்கும். ஏனென்றால் விழுகிறவன் 'மனிதன்', பார்க்கிறவனும் 'மனிதன்'. முடிஞ்சது கதை. 'உலகப் பொதுமொழி' என்று முத்திரை குத்திப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டிவிட்டால், அப்புறம் விழுந்தவன் யார், சிரிச்சவன் யார், விழுந்தவன் எழுந்தானா இல்லையா என்கிற கேள்விக்கெல்லாம் வேலையே இல்லை.

நமக்கு அந்தக் கேள்விகள்தான் வேணும். 'பொது' என்ற சொல்லைக் கேட்டாலே நமக்குச் சந்தேகம் வந்துவிடுகிறது. பொதுக்கிணறு, பொதுப்பாதை, பொதுச்சுடுகாடு என்று எதையெல்லாம் பொது என்று சொன்னார்களோ அதிலெல்லாம் நமக்கு என்ன இடம் கிடைத்தது என்பது நமக்குத் தெரியும். பொதுச்சிரிப்பு மட்டும் எப்படி வேறு மாதிரி இருந்துவிடும்?

இதை நான் வெறும் கோபத்தில் சொல்லவில்லை. ஒரு கறுப்புக் கலைஞன் இந்தப் பொதுச்சிரிப்பின் கோட்டைக்குள்ளேயே போய், அதில் ரொம்பப் பிரசித்தமான ஒரு காட்சியை எடுத்து, அதற்குள் தன் உடம்பைக் கொண்டுபோய் நிறுத்தியிருக்கிறான். நிறுத்தி இருபத்தைந்து வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. கலை விமர்சகர்கள் அதற்கு நிறைய மாலை போட்டிருக்கிறார்கள். மாலையின் கனத்தில் ஆள் மறைந்துபோய்விட்டான். அந்த ஆளை வெளியே எடுத்துப் பார்க்க வேண்டும் என்பதுதான் இந்தக் கட்டுரையின் வேலை.

*

முதலில் காட்சியைப் பார்ப்போம். 1928இல் வந்த 'ஸ்டீம்போட் பில், ஜூனியர்' என்ற அமெரிக்கப் பேசாப்படம். மிசிசிப்பி ஆற்றங்கரையில் ஒரு சின்ன ஊர். புயலடித்து ஊரையே பிய்த்தெறிகிறது. பஸ்டர் கீட்டன் ஒரு மர வீட்டின் முன்னால் ஒன்றும் தெரியாமல் நிற்கிறார். அவருக்குப் பின்னாலிருக்கிற முகப்புச் சுவர் முழுசாக அப்படியே அவர் மேல் சாய்கிறது. மேலேயிருக்கிற ஒரு திறந்த ஜன்னல் சரியாக அவர் நிற்கிற இடத்தில் வந்து இறங்குகிறது. சுவர் தரையில் கிடக்கிறது. ஆள் நட்டுவைத்த மாதிரி நிற்கிறார். ஒரு கீறல் கிடையாது.

இதில் கேமரா தந்திரம் எதுவும் இல்லை. சுவரின் எடை இரண்டு டன் இருக்கும் என்பார்கள். தோளுக்கும் ஜன்னல் சட்டத்துக்கும் நடுவே சில அங்குல இடைவெளிதான். ஆள் கொஞ்சம் நகர்ந்திருந்தால் பிணம். 1919இல் 'பேக் ஸ்டேஜ்', 1920இல் 'ஒன் வீக்' ஆகிய குறும்படங்களிலும் இதே வேடிக்கை சின்ன அளவில் வந்திருக்கிறது. 1928இல் அதைப் பெரிசாக, நிஜமான கனத்தோடு செய்தார்கள்.

சிரிப்பு இதில் எங்கிருந்து வருகிறது? சுவர் வருவது நமக்குத் தெரியும், கீட்டனுக்குத் தெரியாது. விழுந்து முடித்த பிறகுதான் அவருக்கு விஷயம் புரிகிறது. புரிந்ததும் ஓடுகிறார். அந்தத் தெரியாமைதான் காமெடி. 'அப்பாவி' பிழைத்துவிட்டான். இயற்கை சீறினாலும் ஏதோ ஒன்று அப்பாவியைக் காப்பாற்றும் என்கிற நிம்மதியில்தான் கொட்டகை சிரிக்கிறது.

இப்போது 1997க்கு வருவோம். ஸ்டீவ் மெக்குயின் 1969இல் லண்டனில் பிறந்தவர். பெற்றோர் கரீபியத் தீவுகளான கிரெனடாவிலிருந்தும் டிரினிடாடிலிருந்தும் வந்தவர்கள். அவர் 'டெட்பான்' என்று ஒரு படைப்பைச் செய்தார். 16 எம்.எம். கறுப்பு வெள்ளை ஃபிலிமில் எடுத்து வீடியோவுக்கு மாற்றியது. நாலரை நிமிஷத்துப் படம். சத்தம் கிடையாது. ஒரு மர வீடு. வீட்டுக்கு முன்னால் மெக்குயினே நிற்கிறார். சுவர் விழுகிறது. ஜன்னல் அவரைத் தாண்டி இறங்குகிறது. அவர் அசையவில்லை. மறுபடி சுவர் விழுகிறது, வேறு கோணம். மறுபடி. மறுபடி. ஓட்டம் கிடையாது, அப்பாடா கிடையாது, அடுத்த காட்சி கிடையாது.

'டெட்பான்' என்றால் என்ன? 'பான்' என்பது ஆங்கிலக் கொச்சையில் மூஞ்சி. 'டெட்பான்' என்றால் செத்த மூஞ்சி. என்ன நடந்தாலும் முகத்தில் எதையும் காட்டாத காமெடிக்காரனுக்கு அந்தப் பெயர். கீட்டனைப் 'பெரிய கல்முகம்' என்றே அழைத்தார்கள். மெக்குயின் இந்தச் சொல்லை எடுத்துத் தன் படத்துக்குத் தலைப்பாக வைத்தார். ஒரு கறுப்பு மனிதனின் முகத்துக்குக் கீழே 'செத்த மூஞ்சி' என்று எழுதும்போது அந்தச் சொல் கீட்டனுக்குக் கீழே இருந்த அதே சொல்தானா? இந்தக் கேள்வியைக் கேட்காமல் கடந்துபோவதற்கு ஒரு தனிப் பயிற்சி வேண்டும். அந்தப் பயிற்சிக்குத்தான் 'வடிவ ரசனை' என்று பெயர்.

*

வடிவ ரசனைக்காரர்கள் இந்தப் படத்தைப் பற்றிச் சொல்வதைச் சுருக்கினால் இப்படி வரும்: இது சினிமா வரலாற்றுக்கு ஒரு வீடியோ கலைஞனின் வணக்கம். ஒரு காட்சியைக் கதையிலிருந்து பிரித்து, திரும்பத் திரும்பக் காட்டி, காலத்தையும் வெளியையும் பற்றிய தியானமாக மாற்றியிருக்கிறார். காட்சிக்கூடத்தில் ஒரு சுவர் முழுக்கப் பெரிசாகப் பாய்ச்சப்படும் பிம்பம், பார்க்கிறவனின் உடம்பையே வேலைக்கு இழுக்கிறது.

இதில் பொய் எதுவும் இல்லை. திரும்பத் திரும்பக் காட்டுவது உண்மைதான். பிம்பம் பெரிசு என்பதும் உண்மைதான். கொட்டகையில் உட்கார்ந்து பார்ப்பது வேறு, வெறுந்தரையில் நின்றுகொண்டு நம்மைவிடப் பெரிய சுவர் நம் மேல் சாய்வதைப் பார்ப்பது வேறு. ஆனால் இவ்வளவும் சொல்லிவிட்டு, நிற்கிறவன் யார் என்பதை மட்டும் விட்டுவிட்டால் எப்படி? வீட்டைப் பார்த்தாயே, ஜன்னலைப் பார்த்தாயே, கேமராக் கோணத்தைக்கூட எண்ணினாயே, ஆளைப் பார்க்கலையா?

'கலைஞரே அது நிறத்தைப் பற்றியது என்று சொல்லவில்லையே' என்று உடனே ஒரு வக்கீல் எழுந்திருப்பார். சொல்லத் தேவையில்லை ஐயா. அவர் தன் பூட்ஸைக் காட்டியிருக்கிறார். படத்தில் அவர் கால்களைக் கிட்டத்தில் காட்டுகிறார்கள். பூட்ஸில் கயிறு இல்லை. கயிறில்லாத பூட்ஸ் எங்கே போடுவார்கள்? லாக்கப்பில். கைதி தூக்கு மாட்டிக்கொள்வான் என்று பெல்ட்டையும் கயிறையும் முதலில் உருவிக்கொள்கிற இடம் அது. லாக்கப்பைப் பற்றிக் கறுப்பர்களுக்கும் நமக்கும் யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. இதைச் 'சின்ன விவரம்' என்று தள்ளிவிட்டுப் போகிறவன் ரசிகன் இல்லை, அந்த லாக்கப்பைக் கட்டினவனுக்கு உறவுக்காரன்.

ஒரு ஒப்பீடு. 1970இல் பாஸ் யான் ஆடர் என்ற டச்சுக் கலைஞர் கலிபோர்னியாவில் தன் வீட்டுக் கூரை மேல் நாற்காலி போட்டு உட்கார்ந்து, அங்கிருந்து உருண்டு விழுவதைப் படமாக எடுத்தார். அதிலும் கீட்டனின் சாயல் இருக்கிறது. நல்ல படைப்புதான். அவர் தன்னைத் தானே விழவிடுகிறார். விழுவது அவர் எடுத்த முடிவு, இழுப்பது புவியீர்ப்பு. விழுவதைத் தேர்ந்தெடுக்கிற உரிமை அவருக்கு இருக்கிறது. மெக்குயினின் படத்திலோ மனிதன் விழவில்லை. வீடுதான் விழுகிறது. எத்தனை தடவை விழுந்தாலும் இவன் நிற்கிறான். காலங்காலமாய் விழத் தள்ளப்பட்ட உடம்பு ஒன்று 'நான் விழ மாட்டேன்' என்று நிற்பதும், விழுவதை ஒரு சோதனையாகச் செய்துபார்ப்பதும் ஒன்றா? இரண்டையும் 'உடல்சார் கலை' என்று ஒரே தட்டில் வைக்கிற கை யாருடைய கை?

கீட்டனுக்குச் சுவர் வருவது தெரியாது. மெக்குயினுக்குத் தெரியும். இரண்டாவது தடவை, மூன்றாவது தடவை விழும்போது நமக்கும் தெரிந்துவிடுகிறது, அவனுக்குத் தெரியும் என்பது. தெரிந்தே நிற்கிறான். அந்த இடத்தில் 'அப்பாவி' காணாமல் போகிறான், அவனோடு சிரிப்பும் போய்விடுகிறது. முதல் தடவை சிரிக்கலாம். நாலாவது தடவை சிரித்துப் பாருங்கள், வராது. என்ன நடக்கிறது என்று தெரியாமல் இருப்பதும் ஒரு சொத்துதான், அது எல்லோருக்கும் கிடைப்பதில்லை. சேரியில் பிறந்த பிள்ளைக்குப் பள்ளிக்கூடம் போகிற வயசுக்கு முன்னாடியே எந்தத் தெரு வழியாக நடக்கக் கூடாது என்று தெரிந்துவிடுகிறது. அந்தப் பிள்ளையிடம் போய் 'அப்பாவித்தனம்தான் காமெடியின் உயிர்' என்று சொன்னால் அது என்ன பதில் சொல்லும்?

*

இனி யாரும் சேர்த்துப் பேசாத ஒரு விஷயத்துக்கு வருகிறேன்.

'ஸ்டீம்போட் பில், ஜூனியர்' படத்தில் முதலில் இருந்தது புயல் இல்லை, வெள்ளம். ஆறு பெருக்கெடுத்து ஊரை அடிப்பதுதான் உச்சக்கட்டமாகத் திட்டமிடப்பட்டிருந்தது. படப்பிடிப்பு 1927 கோடையில் கலிபோர்னியாவின் சாக்ரமென்டோவில் நடந்தது. அந்த வருஷம்தான் மிசிசிப்பியில் மாபெரும் வெள்ளம். 'சனங்க வெள்ளத்துல செத்துக்கிட்டிருக்கும்போது வெள்ளத்தை வைத்துக் காமெடி பண்ணினா நல்லா இருக்காது' என்று தயாரிப்புத் தரப்பில் மறுப்பு எழுந்தது. வெள்ளம் புயலாக மாற்றப்பட்டது. கேட்கும்போது நாகரிகமான முடிவு மாதிரிதான் இருக்கிறது. ஆனால் அந்த வெள்ளத்தில் என்ன நடந்தது என்று பாருங்கள்.

1927 ஏப்ரல் 21ஆம் தேதி மிசிசிப்பி மாநிலத்தின் கிரீன்வில் நகருக்கு மேலே மவுண்ட்ஸ் லேண்டிங் என்ற இடத்தில் கரை உடைந்தது. அந்த வெள்ளம் மொத்தத்தில் ஏறக்குறைய 27,000 சதுர மைல் நிலத்தை மூழ்கடித்தது. ஆறு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் வீடிழந்தார்கள். அந்த டெல்டாவில் பருத்திக் காட்டில் வாரத்துக்குப் பாடுபட்டவர்களில் பெரும்பாலோர் கறுப்பர்கள். அடிமை முறை ஒழிந்து அறுபது வருஷம் ஆகியும் கடன் கணக்கில் கட்டுண்டு கிடந்தவர்கள்.

கிரீன்வில்லில் சுமார் 13,000 கறுப்பர்கள் கரைமேட்டில் போய் ஒதுங்கினார்கள். எட்டு அடி அகலத்துக்கு மேலே வானம், கீழே இரண்டு பக்கமும் தண்ணீர். அவர்களை ஏற்றிப்போக நீராவிப் படகுகள் வந்தன. ஆமாம், ஸ்டீம்போட்தான். படகுகள் வெள்ளைப் பெண்களையும் குழந்தைகளையும் ஏற்றிக்கொண்டு, உள்ளே இடம் காலியாகக் கிடக்கவே திரும்பிப் போயின. ஏன்? கறுப்பர்கள் ஊரைவிட்டுப் போய்விட்டால் திரும்பி வர மாட்டார்கள், பருத்தி எடுக்க ஆள் கிடைக்காது என்று தோட்ட முதலாளிகள் தடுத்தார்கள். கரைமேடு முகாமானது. முகாமைச் சுற்றித் துப்பாக்கி ஏந்திய காவல். வேலை செய்கிறவனுக்கு அடையாளச் சீட்டு, சீட்டு இருந்தால்தான் சாப்பாடு. நிவாரணப் பொருளைப் படகிலிருந்து இறக்குகிற வேலை கறுப்பனுக்கு, துப்பாக்கி முனையில். இராத்திரி முழுக்க வேலை செய்துவிட்டு மறுபடி வர மாட்டேன் என்று சொன்ன ஒரு கறுப்பரை 1927 ஜூலையில் ஒரு போலீஸ்காரன் சுட்டுக் கொன்றான். மொத்த நிவாரணத்துக்கும் பொறுப்பாயிருந்த ஹெர்பர்ட் ஹூவர் அந்தப் புகழோடு 1928 நவம்பரில் அமெரிக்காவின் குடியரசுத் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அதே வருஷம் மே மாதம் கீட்டனின் படம் வெளியானது.

இப்போது படத்தை மறுபடி பாருங்கள். கீட்டன் நீராவிப் படகை ஓட்டிப்போய் ஒவ்வொருவராகக் காப்பாற்றுகிறார். காதலியை, தன் அப்பாவை, காதலியின் அப்பாவை, கடைசியில் கல்யாணம் செய்துவைக்க ஒரு பாதிரியை. நாலு பேர். நாலு பேரும் வெள்ளையர். மிசிசிப்பிக் கரையில் நடக்கிற கதை. கரைமேட்டில் நின்ற 13,000 பேரில் ஒருத்தர்கூடத் திரையில் கிடையாது. வெள்ளத்தைப் புயலாக மாற்றினது யாருடைய மனசு புண்படாமல் இருக்க? டிக்கெட் வாங்கி முன்னாடி உட்காருகிறவன் மனசு. தென் மாநிலங்களில் கறுப்பர்கள் பின்வாசல் வழியாக வந்து தனி மாடத்தில் உட்கார வேண்டும் என்றிருந்த காலம் அது. புண்பட அவர்களுக்கு மனசு இருப்பதாகவே யாரும் கணக்கில் எடுத்திருக்க மாட்டார்கள்.

வெள்ளத்தில் ஒரு அரசியல் இருக்கிறது. கரை எங்கே உடையும், யாரை முதலில் ஏற்றுவார்கள், யாரை நிறுத்திவைப்பார்கள் என்று கேள்வி வரும். புயலில் அது வராது. புயல் 'இயற்கை'. புயலுக்கு முன்னால் எல்லோரும் 'மனிதன்'. வெள்ளத்தை எடுத்துவிட்டுப் புயலை வைத்ததும் வரலாறு போய் வேடிக்கை மட்டும் மிஞ்சியது. அவர்கள் திட்டம் போட்டுச் செய்தார்கள் என்று நான் சொல்லவில்லை. திட்டம் போட வேண்டிய அவசியமே இல்லாமல் இது நடந்துவிடுகிறது என்பதுதான் விஷயம்.

நம்ம ஊரில் இதைப் புரியவைக்க ரொம்பச் சிரமப்பட வேண்டியதில்லை. 2004 டிசம்பர் 26 ஆழிப்பேரலைக்குப் பிறகு நாகப்பட்டினம் பக்கம் முகாம்களில் தலித்துகள் ஒதுக்கப்பட்டதையும், நிவாரணம் மறுக்கப்பட்டதையும், பிணம் அள்ள வெளியூர் நகராட்சிகளிலிருந்து துப்புரவுத் தொழிலாளர்கள் கொண்டுவரப்பட்டதையும் நாம் பார்த்தோம். கடலுக்குச் சாதி தெரியாதுதான். முகாமுக்குத் தெரியும்.

இப்போது 'டெட்பா'னுக்குத் திரும்பி வாருங்கள். 1928 படத்தில் இல்லாத உடம்பு 1997இல் அந்த வீட்டுக்கு முன்னால் வந்து நிற்கிறது. எழுபது வருஷம் கழித்து. எவனைத் திரையிலிருந்து தள்ளிவைத்தார்களோ அவன் வந்து அதே இடத்தில் நின்று, 'விழட்டும், பார்ப்போம்' என்கிறான். மெக்குயின் கிரீன்வில்லை மனசில் வைத்துத்தான் செய்தார் என்று நான் வாதாடவில்லை. அது அவருக்குத் தெரியுமோ தெரியாதோ, அந்த இடம் காலியாக இருந்தது. காலி இடத்தில் ஆள் வந்து நின்றால்தான் அது காலியாக இருந்தது என்பதே நமக்குத் தெரிகிறது.

*

கீட்டனை வில்லனாக்குவது என் நோக்கமில்லை. 1895இல் பிறந்த அந்த ஆள் குழந்தையாக இருக்கும்போதே பெற்றோருடன் மேடையேறினவர். அப்பா பிள்ளையைத் தூக்கி மேடை முழுக்க எறிவார். ஜனம் சிரிக்கும். எறியப்படுகிற பிள்ளை சிரித்தால் ஜனம் சிரிப்பதில்லை, மூஞ்சியை இறுக்கி வைத்துக்கொண்டால் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள் என்று அந்தப் பிள்ளை கற்றுக்கொண்டது. கல்முகம் அப்படி வந்தது. அடிபட்ட உடம்பின் தொழில்நுட்பம் அது. மதிக்கிறேன்.

ஆனால் மதிப்பு ஒரு பக்கம், கணக்கு ஒரு பக்கம். அதே கீட்டன் 1921இல் 'தி பிளேஹவுஸ்' படத்திலும் 1927இல் 'காலேஜ்' படத்திலும் மூஞ்சியில் கரி பூசிக்கொண்டு கறுப்பனாக வந்து சிரிப்புக் காட்டினார். அவருடைய தலைசிறந்த படம் என்று கொண்டாடப்படுகிற 'தி ஜெனரல்' (1926) படத்தின் நாயகன், அடிமை முறையைக் காப்பாற்றக் கிளம்பின தென்மாநிலப் படையின் பக்கம் நிற்கிறவன். அடிமை முறை பற்றி அதில் ஒரு பேச்சும் கிடையாது. இதைச் சொன்னால் 'அந்தக் காலம் அப்படி' என்பார்கள். சரி, அந்தக் காலத்திலேயே இன்னொரு ஆள் இருந்தாரே, அவரைப் பற்றிப் பேசலாமா?

பெர்ட் வில்லியம்ஸ். 1874இல் பஹாமாஸில் பிறந்த கறுப்பர். அமெரிக்க மேடையின் மிகப் பெரிய காமெடியன்களில் ஒருவர். அவர் மேடையேற வேண்டுமானால் கறுப்பு முகத்தின் மேல் கரி பூசிக்கொள்ள வேண்டும். நன்றாகக் கவனியுங்கள், கறுப்பனே கறுப்பனாக நடிக்கக் கரி பூச வேண்டும். தன் முகம் காமெடிக்குப் போதாது, வெள்ளைக்காரன் கற்பனை செய்த கறுப்பு முகம்தான் வேண்டும். 1913இல் பயோகிராஃப் கம்பெனி அவரை நாயகனாக வைத்து, கறுப்பு நடிகர்களைக் கொண்டு ஒரு காமெடிப் படம் எடுத்தது. முடிக்காமலேயே போட்டுவிட்டது. அந்தக் கம்பெனியின் ஃபிலிம் சுருள்கள் 1939இல் நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகத்துக்குப் போய்ச் சேர்ந்தன. அங்கே கிடந்தவற்றை அடையாளம் கண்டு, ஒழுங்கு செய்து 2014இல்தான் வெளியே காட்டினார்கள். 'லைம் கில்ன் ஃபீல்ட் டே' என்று இப்போது அதற்குப் பெயர். அதில் கறுப்பு ஆணும் பெண்ணும் ராட்டினம் சுற்றுகிறார்கள், நடனம் ஆடுகிறார்கள், காதலோடு முத்தம் கொடுத்துக்கொள்கிறார்கள். நூறு வருஷம் பெட்டிக்குள் கிடந்த முத்தம்.

மெக்குயினின் 'டெட்பா'னும் அதே அருங்காட்சியகத்தின் சேகரத்தில்தான் இருக்கிறது. ஒரே கட்டடம். ஒரு பக்கம் கறுப்பனின் சிரிப்பு எழுபத்தைந்து வருஷம் வெளியே தெரியாமல் கிடந்தது. இன்னொரு பக்கம் கறுப்பனின் சிரிக்காத முகம் வாங்கி மாட்டப்பட்டது. பெர்ட் வில்லியம்ஸ் கரியைப் பூசிக்கொண்டு சிரிக்க வைத்தார். மெக்குயின் எதையும் பூசிக்கொள்ளாமல் சிரிக்க வைக்க மறுத்தார். இந்த இரண்டுக்கும் நடுவில்தான் காமெடியின் வரலாறு இருக்கிறது, வாழைப்பழத் தோலில் இல்லை.

*

அப்புறம் மெக்குயின் என்ன செய்தார் என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 2013இல் அவர் எடுத்த '12 இயர்ஸ் எ ஸ்லேவ்' படத்தில் ஒரு நீளமான காட்சி. சாலமன் நார்த்தப்பைத் தூக்கில் மாட்டி, பாதியில் விட்டுவிட்டுப் போய்விடுகிறார்கள். கால் பெருவிரல் மட்டும் சேற்றில் தொடுகிறது. வழுக்கினால் சாவு. பின்னால் மற்ற அடிமைகள் தங்கள் வேலையைப் பார்க்கிறார்கள், பிள்ளைகள் விளையாடுகிறார்கள். கேமரா நகராமல் பார்க்கிறது. அந்தச் சேற்றுக் காலையும், 1997இன் கயிறில்லாத பூட்ஸையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். நிற்பது என்றால் என்ன என்று இந்த ஆள் பதினாறு வருஷமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறார் என்பது புரியும். வழுக்கி விழுவது காமெடி என்று சொன்னவர்கள் இந்தக் காட்சியைப் பார்த்துவிட்டு வரட்டும்.

வீட்டையும் அவர் விடவில்லை. 2017 ஜூன் 14 அன்று லண்டனில் கிரென்ஃபெல் டவர் என்ற அடுக்குமாடிக் குடியிருப்பு எரிந்தது. 72 பேர் செத்தார்கள். பெரும்பாலோர் வெள்ளையர் அல்லாதவர்கள். வெளிச்சுவரில் ஒட்டியிருந்த, தீப்பிடிக்கிற தகடுகள் வழியாகத் தீ ஏறியது. அத்தனை சாவையும் தடுத்திருக்கலாம் என்று விசாரணையின் இறுதி அறிக்கை 2024இல் சொன்னது. எரிந்துபோன அந்தக் கட்டடத்தை மெக்குயின் ஹெலிகாப்டரிலிருந்து படமெடுத்து, 24 நிமிஷப் படமாக 2023இல் லண்டனில் காட்டினார். பேச்சு இல்லை. கட்டடத்தைச் சுற்றுகிறது கேமரா. கறுத்துப்போன ஜன்னல்கள்.

ஜன்னல்! கீட்டனுக்கு அவர் உடம்பை அளந்து ஜன்னல் வெட்டினார்கள். நிற்கிற இடத்துக்குக் கணக்குப் போட்டார்கள். பொறியாளன், தச்சன், முதலாளி எல்லோரும் சேர்ந்து ஒரு உடம்பு பிழைக்க வேண்டும் என்று அளந்தார்கள். அதிர்ஷ்டம் மாதிரி திரையில் தெரிகிறதே, அது அளவெடுத்துச் செய்த அதிர்ஷ்டம். கிரென்ஃபெல்லில் எவன் அளந்தான்? கிரீன்வில் கரைமேட்டில் எவன் அளந்தான்? நம்ம ஜனம் இறங்குகிற மலக்குழிக்கு மூடி அளந்திருக்கிறார்கள், உள்ளே இறங்குகிற மூச்சுக்கு அளந்திருக்கிறார்களா? சுவர் எல்லோர் மேலும்தான் விழுகிறது. ஜன்னல் யார் அளவுக்கு வெட்டப்பட்டது என்பதில்தான் சமூகம் இருக்கிறது. இதை எடுத்துவிட்டு 'டெட்பானை'ப் பார்ப்பவர்கள் சுவரையும் பார்க்கவில்லை, ஜன்னலையும் பார்க்கவில்லை.

*

தோழர்களில் சிலர் கேட்பார்கள்: 'இதெல்லாம் லண்டன், நியூயார்க் காட்சிக்கூட விவகாரம். இந்த ஆளுக்கு டர்னர் பரிசு, ஆஸ்கார், 2020இல் சர் பட்டம் எல்லாம் கொடுத்துட்டாங்க. நமக்கு இதுல என்ன?'

பட்டம் கொடுத்ததால் படம் அவர்கள் சொத்தாகிவிடாது. வாசிக்க ஆளில்லாமல் விட்டால்தான் சொத்தாகும். கறுப்பர்களின் போராட்டத்தை நாம் தூர இருந்து வேடிக்கை பார்த்தவர்கள் இல்லை. 1946இலேயே அம்பேத்கர் டு போய்ஸுக்குக் கடிதம் எழுதினார். 1966இல் ஓக்லண்டில் பிளாக் பாந்தர் கட்சி, 1972இல் பம்பாயில் தலித் பாந்தர். பெயரையே வாங்கிப் போட்டுக்கொண்ட உறவு இது. அவர்கள் கவிதையைப் படித்தோம், சுயசரிதையைப் படித்தோம். அவர்கள் பிம்பத்தைப் படிக்க மட்டும் மேட்டுக்குடி விமர்சகனின் அனுமதி வேணுமா?

இதைவிட முக்கியமான காரணம் ஒன்று இருக்கிறது. நம்மிடம் இலக்கிய உலகம் என்ன கேட்கிறது? 'உன் வலியைச் சொல்லு. பச்சையா சொல்லு. ரத்தம் சொட்டச் சொட்டச் சொல்லு.' சொன்னால், 'அடடா, என்ன உண்மை' என்று உச்சுக்கொட்டுகிறார்கள். உடனே அடுத்த வரி: 'வடிவம்தான் கொஞ்சம் கைகூடலை.' நாம் அழ வேண்டும், அவர்கள் வடிவம் பார்ப்பார்கள். நம் உடம்பு கச்சாப் பொருள், அவர்கள் அறிவு பட்டறை. காட்டு, பருத்தி, ஆலை மாதிரியே ஏற்பாடு.

மெக்குயின் அந்த ஏற்பாட்டை எப்படி உடைக்கிறார் பாருங்கள். அவர் அழவில்லை. வாக்குமூலம் கொடுக்கவில்லை. 'என்னைப் பார், என் காயத்தைப் பார்' என்று சட்டையைத் தூக்கிக் காட்டவில்லை. மூஞ்சியை இறுக்கி வைத்துக்கொண்டு நிற்கிறார். எசமானுக்கு முன்னால் அடிமையின் முகம் எப்போதும் எதையாவது காட்டியாக வேண்டும், பயம், பணிவு, இளிப்பு, ஏதாவது. எதையும் காட்டாத முகம் திமிர் என்று பெயர் வாங்கும். 'என்னலே முறைக்கிறே' என்று கேட்டு நம்மில் எத்தனை பேருக்கு அடி விழுந்திருக்கிறது? முறைத்தது கிடையாது, சும்மா பார்த்ததுதான். அந்தச் சும்மா பார்க்கிற உரிமையைத்தான் அவர் நாலரை நிமிஷத்துக்கு ஒரு சுவர் முழுக்க எழுதிவைத்திருக்கிறார். வலியைச் சொல்லாமல் இருப்பதும் ஒரு கலைஞனின் உரிமை. வடிவம் நமக்கும் சொந்தம். சாட்சியம் வேண்டாம் என்று சொல்ல வரவில்லை, இந்த இதழே சாட்சியத்தால் நிற்கிறது. சாட்சியம் மட்டும்தான் நமக்கு ஒதுக்கப்பட்ட சேரி என்றால், அதற்கு வெளியேயும் நடப்போம் என்கிறேன்.

தமிழ் சினிமாக் காமெடியை எடுத்துக்கொள்ளுங்கள். கறுப்பு நிறத்துக்குச் சிரிப்பு, கிழிஞ்ச சட்டைக்குச் சிரிப்பு, உதை வாங்குகிற பின்புறத்துக்குச் சிரிப்பு. உதைக்கிறவன் எப்போதும் ஒருத்தன், வாங்குகிறவன் எப்போதும் இன்னொருத்தன். இதைக் கண்டித்து எழுதியிருக்கிறோம், எழுத வேண்டியதுதான். கண்டிப்பதோடு நின்றுவிட்டால் காட்சி அவர்கள் கையிலேயே இருக்கும். அந்தக் காட்சிக்குள்ளேயே போய் நிற்க வேண்டும். இன்றைக்கு ஒவ்வொரு மாணவன் கையிலும் மாணவி கையிலும் செல்போன் கேமரா இருக்கிறது. அந்த உதைக்காட்சியை எடுங்கள். வசனத்தை அறுத்துப் போடுங்கள். உதை வாங்குகிற இடத்தில் நீங்கள் நில்லுங்கள். இளிக்காதீர்கள், ஓடாதீர்கள், துள்ளாதீர்கள். சும்மா நின்று கேமராவைப் பாருங்கள். ஒரு தடவை இல்லை, பத்துத் தடவை. எத்தனாவது தடவையில் பார்க்கிறவனுக்குச் சிரிப்பு நிற்கிறது என்று எண்ணுங்கள்.

அந்த எண்ணிக்கையைக் கொண்டுவாருங்கள். சிரிப்புக்குச் சாதி உண்டா இல்லையா என்பதை அதை வைத்துக்கொண்டு பேசுவோம்.